மலையேறிய கப்பலும் ஓடையில் நடந்த பெண்ணும்

வெர்னர் ஹெர்ஸாக்கைப் பற்றி இதுவரை நான் எழுதியதில்லை. பேசியதுண்டு, அளவுக்கு மீறியே பேசியிருக்கிறேன். எண்பதுகளின் நடுவில் ஒரு ஃபிலிம் சொஸைட்டித் திரையிடலில் அவருடைய 'ஃபிட்ஸ்கரால்டோ'வைப் பார்த்தோம். பதினாறு எம்.எம். பிரதி. ரீல் மாற்றும்போதெல்லாம் விளக்கைப் போட்டுவிடுவார்கள். கப்பல் மலைச்சரிவில் பாதி ஏறி நிற்கையில் விளக்கு வந்தது. நாங்கள் ஏழெட்டுப் பேர், எழுதுகிறவர்கள் அல்லது எழுதப்போகிறவர்கள், யாரும் யார் முகத்தையும் பார்த்துக்கொள்ளவில்லை. இரவு கடைசி பஸ்ஸை விட்டுவிட்டு நடந்தோம். கலைஞன் என்றால் இவன்தான் என்றார் ஒருவர். மற்றவர்கள் ஒப்புக்கொண்டோம். எதிர்த்துச் சொல்ல யாருக்கும் தோன்றவில்லை.

அன்று எங்களோடு நடந்தவர்களில் ஒருவர் பத்திரிகை நடத்திக்கொண்டிருந்தார். முந்நூறு பிரதி அச்சாகும். மொத்தம் ஆறு இதழ்கள் வந்தன. ஐந்தாவது, ஆறாவது இதழ்களுக்கு அச்சகத்தில் கொடுத்த பணம் அவர் மனைவியின் சங்கிலியை அடகு வைத்து வந்தது என்பது எங்கள் எல்லோருக்கும் தெரியும். அதை ஒரு தீரச் செயலாகவே பேசினோம். தீரம் நண்பருடையது என்றும் பேசினோம். நண்பர் இப்போது இல்லை. சில வருஷங்களுக்கு முன் அவர் வீட்டுக்குப் போயிருந்தபோது பழைய பேச்சு வந்தது. நான் அந்தப் படத்தைக் குறிப்பிட்டேன். நண்பரின் மனைவியும் அன்று படம் பார்க்க வந்திருந்தார் என்பதே எனக்கு மறந்துபோயிருந்தது. "ஞாபகம் இருக்கு அண்ணா. அந்தக் கப்பலை அவனுக்கு வாங்கிக் குடுக்கிறது அந்தப் பொம்பளைதானே?" என்றார். வேறெதுவும் சொல்லவில்லை. காபி போட உள்ளே போய்விட்டார்.

அவர் சொன்னது சரி. இக்விடோஸ் நகரில் விலைமாதர் விடுதி நடத்தும் மாலி (க்ளாடியா கார்டினாலே) தன் சேமிப்பைக் கொடுத்துத்தான் ஃபிட்ஸ்கரால்டோ அந்தப் பழைய கப்பலை வாங்குகிறான். காட்டின் நடுவில் ஒரு ஆப்பரா அரங்கு கட்ட வேண்டும், கருஸோ வந்து பாட வேண்டும் என்பது அவன் கனவு. அதற்குப் பணம் வேண்டும், பணத்துக்கு ரப்பர், ரப்பருக்குக் கப்பல், கப்பலுக்கு மாலி. நாற்பது வருஷங்களாக என் ஞாபகத்தில் மலை இருந்தது, கப்பல் இருந்தது, க்ளாஸ் கின்ஸ்கியின் வெள்ளை உடுப்பும் கலைந்த தலைமயிரும் இருந்தன. மாலியின் பணம் இல்லை. இந்தக் கட்டுரை அந்த மறதியிலிருந்து தொடங்குகிறது.

ஹெர்ஸாக் 1942இல் மியூனிக்கில் பிறந்தவர். குண்டுவீச்சுக்குப் பயந்து தாய் அவரை பவேரிய மலைக்கிராமமான ஸாக்ராங்குக்குக் கொண்டுபோனார். பதினேழு வயதில்தான் முதல்முறையாகத் தொலைபேசியில் பேசியதாகச் சொல்லியிருக்கிறார். இப்படி ஒரு மூலையில் வளர்ந்தவர் பின்னால் உலகின் எல்லா மூலைகளுக்கும் போனார். முதல் முழுநீளப் படத்துக்கு 1968இல் கிரேக்கத் தீவு. பிறகு சஹாரா, கானரித் தீவுகளின் எரிமலைச் சாம்பல் நிலம், பெரு நாட்டின் அமேஸான், கரீபியன், ஆஸ்திரேலியா, கானா, எண்ணெய்க் கிணறுகள் எரிந்த குவைத், 2007இல் அண்டார்டிகா. ஒரு கையில் உலகப் படத்தையும் மறு கையில் அவர் படப் பட்டியலையும் வைத்துக்கொண்டால், அடையாளமிட வேண்டிய இடங்கள் நெருக்கமாக விழும்.

தூர தேச மோகம் ஜெர்மன் சினிமாவுக்குப் புதிதில்லை. ஜோ மே 1921இல் 'இந்தியக் கல்லறை' எடுத்தபோது இந்தியாவை பெர்லினுக்கு அருகில் கட்டி எழுப்பினார். அதன் திரைக்கதையில் பங்கிருந்தும் இயக்கும் வாய்ப்புக் கிடைக்காத ஃப்ரிட்ஸ் லாங் 1959இல் அதே கதையை மறுபடியும் எடுத்தார். உதய்ப்பூர் வரை வந்தார். ஆனாலும் மகாராஜா ஆஸ்திரியர், கோயில் நடனக்காரி அமெரிக்கர். அந்தப் படத்தைப் பார்த்து நாம் சிரிக்கலாம், சிரித்தும் இருக்கிறோம். அங்கே அட்டைக் கோட்டை என்பது நமக்கும் தெரியும், அவர்களுக்கும் தெரியும்.

ஹெர்ஸாக்கின் சங்கதி வேறு. அவருக்கு அட்டை ஆகாது. கப்பல் என்றால் 320 டன் கப்பல். மலை என்றால் சேறும் வேரும் உள்ள மலை. ஸ்டூடியோவில் சிறு கப்பல் மாதிரியை பிளாஸ்டிக் காட்டின்மேல் இழுத்து எடுத்துவிடலாம் என்று தயாரிப்புக்காரர்கள் சொன்னதை அவர் ஏற்கவில்லை. சினிமா பார்க்கிறவன் தன் கண்ணை மறுபடியும் நம்ப வேண்டும் என்பது அவர் கொள்கை. அவர் சினிமாவின் பலம் முழுவதும் இந்த ஒரு பிடிவாதத்தில் இருக்கிறது. அவர் மேல் வைக்க வேண்டிய கேள்வியும் இங்கேதான் இருக்கிறது.

1972இல் வந்த 'அகிர்ரே, கடவுளின் கோபம்' படத்தின் ஆரம்பத்தை யாரும் மறக்க முடியாது. மேகம் தவழும் செங்குத்தான மலை. அதன் விளிம்பில் எறும்புச்சாரைபோல் ஒரு மனித வரிசை இறங்குகிறது. கிட்டே போனால் இரும்புக் கவசம் போட்ட ஸ்பானியர்கள், பல்லக்கில் பெண்கள், பீரங்கி, சங்கிலி பூட்டிய இந்தியர்கள். போபோல் வூ குழுவின் இசை மனிதக் குரலா வாத்தியமா என்று தெரியாத ஒரு ஓசையாக மேலே மிதக்கிறது. இல்லாத தங்க நாட்டைத் தேடிப் போகிறவர்கள் ஆற்றில் ஒவ்வொருவராக அழிகிறார்கள். கடைசியில் தெப்பத்தில் பிணங்களும் நூற்றுக்கணக்கான சின்னக் குரங்குகளும் அகிர்ரேயும் மட்டும். இறந்துவிட்ட தன் மகளையே மணந்து ஒரு தூய வம்சத்தை ஸ்தாபிப்பேன் என்கிறான். காமிரா தெப்பத்தைச் சுற்றிச் சுற்றி வருகிறது. ஆக்கிரமிப்பின் பைத்தியத்தை இத்தனை குறைந்த வார்த்தைகளில் சொன்ன படம் வேறொன்று எனக்குத் தெரியாது.

ஆனால் படத்தின் நடுவில் ஒரு சின்ன இடம் இருக்கிறது. சங்கிலி பூட்டிய இந்தியன் ஒருவன் பேசுகிறான். தான் இந்த மண்ணில் இளவரசனாக இருந்தவன், தன் முகத்தை நிமிர்ந்து பார்க்க யாருக்கும் துணிவிருந்ததில்லை, இன்று தன் ஜனங்களைப் போலவே சங்கிலியில் கிடக்கிறேன் என்கிறான். ஒரு நிமிஷம் இருக்கும். பிறகு படம் அவனை விட்டுவிட்டு கின்ஸ்கியின் கோணல் நடையைத் தொடர்ந்து போய்விடுகிறது. முதல் தடவை பார்த்தபோது நானும் அப்படியே போய்விட்டேன். அழிகிறவனுக்குத்தான் இசை, அழிக்கப்பட்டவனுக்கு ஒரு நிமிஷம் என்பது அந்தப் படத்தின் விகிதம்.

இன்னொரு காட்சியும் அதில் உண்டு. உயரமான மரத்தின் உச்சியில் ஒரு படகு தொங்குகிறது. காய்ச்சல் கண்ட கண்ணுக்கு அது பிரமை என்கிறார் தெப்பத்திலிருக்கும் பாதிரியார். பத்து வருஷம் கழித்து அந்தப் பிரமையை ஹெர்ஸாக் பிரமையாக விட்டுவைக்கவில்லை. கப்பலை மலைமேல் ஏற்றிவிட்டார்.

கார்லோஸ் ஃபெர்மின் ஃபிட்ஸ்கரால்டு நிஜத்தில் வாழ்ந்த ரப்பர் முதலாளி. 1897இல் ஆற்றில் மூழ்கி இறந்தவன். இரண்டு ஆறுகளுக்கு நடுவிலுள்ள நிலத்தின் வழியே ஒரு கப்பலை அவன் கடத்தியது உண்மை. அது முப்பது டன் அளவிலான கப்பல். அதையும் துண்டு துண்டாகக் கழற்றி, அந்தப் பக்கம் கொண்டுபோய் மாட்டினான். பழங்குடிகளை அவன் அடித்துக் கொன்று வேலைவாங்கியவன் என்பதும் சரித்திரம். அந்த மனிதனிடம் தனக்கு ஆர்வமில்லை, கழற்றிய கப்பல் என்ற விவரம் மட்டுமே தன்னைப் பிடித்துக்கொண்டது என்று ஹெர்ஸாக் சொல்லியிருக்கிறார். கழற்றாமல் இழுத்தால் என்ன என்பது அவருடைய சேர்க்கை. முப்பது டன்னை 320 ஆக்கியதும் அவருடைய சேர்க்கைதான். கொடுங்கோலனான ரப்பர் முதலாளியை இசைப்பித்தனாக மாற்றியதும் அப்படியே. இந்தக் கணக்கை நாம் அன்று போட்டுப் பார்க்கவில்லை. கனவு காண்கிறவன் என்று ஆக்கிவிட்டால், அவனுக்காகக் கயிறு இழுப்பவர்கள் கனவின் ஒரு பகுதியாகிவிடுகிறார்கள்.

அந்தப் படம் எடுக்கப்பட்ட விதத்தை லெஸ் ப்ளாங்க் 'கனவுகளின் சுமை' என்ற டாக்குமெண்டரியாக 1982இல் வெளியிட்டார். 1979இல் அகுவாருனா மக்களுடன் ஏற்பட்ட தகராறில் படப்பிடிப்பு முகாம் எரிக்கப்பட்டது. வெகுதூரம் தெற்கே போய் வேறு இடம் தேடினார்கள். கதாநாயகனாக நடித்துக்கொண்டிருந்த ஜேஸன் ரோபர்ட்ஸ் வயிற்றுக்கடுப்பில் விழுந்து ஊர் திரும்பினார். உடன் நடித்த மிக் ஜாகருக்கு வேறு வேலைகள் இருந்தன. எடுத்ததை எறிந்துவிட்டு கின்ஸ்கியை வைத்து முதலிலிருந்து தொடங்கினார்கள். வேலைக்கு வந்த பழங்குடிகளில் சிலர்மேல் வேறொரு குழுவினர் எய்த அம்புகள் பாய்ந்தன. இழுவை ஏற்பாட்டுக்காக வந்த பிரேஸில் எஞ்சினீயர், கயிறு அறுந்தால் உயிர்ச்சேதம் ஏற்படும் என்று எச்சரித்துவிட்டு விலகிப்போனார். ஹெர்ஸாக் விலகவில்லை. பின்னால் அந்த மக்களுக்கு நிலப்பட்டா கிடைக்கத் தான் முயற்சி எடுத்ததாகச் சொல்லியிருக்கிறார். அதையும் கணக்கில் சேர்க்கத்தான் வேண்டும்.

படைப்பைப் படைப்பாகப் பார்க்க வேண்டும், அதன் செலவுக் கணக்கைப் பார்ப்பது விமர்சகன் வேலையில்லை என்று நம் வட்டத்தில் பலர் எழுதியிருக்கிறார்கள். நானும் எழுதியவன். ஒரு கவிதையைப் பொறுத்தமட்டில் இன்றும் அப்படியே சொல்வேன். 'ஃபிட்ஸ்கரால்டோ'வுக்கு அது செல்லாது. ஏனென்றால் அந்தச் செலவையே அவர் ரூபமாக்கியிருக்கிறார். கப்பல் நிஜம் என்று தெரிந்ததால்தான் அன்று எங்களுக்கு மூச்சடைத்தது. சின்ன மாதிரிக் கப்பலென்று தெரிந்திருந்தால் கொட்டாவி விட்டிருப்போம். நிஜமான பாரத்தை ரசிக்கச் சொல்கிறவரிடம், அந்தப் பாரத்தை இழுத்த கைகள் யாருடையவை என்று கேட்பது படத்துக்கு உள்ளேயே எழுகிற கேள்வி. வெளியிலிருந்து கொண்டுவந்து திணித்த ஒழுக்கப் பிரச்னை இல்லை.

படத்துக்குள்ளும் அதற்கு ஒரு பதில் இருக்கிறது என்பதுதான் ஆச்சரியம். கப்பல் மறுபக்கத்து ஆற்றில் இறங்கிய இரவு, வெள்ளைக்காரர்கள் குடித்துவிட்டுத் தூங்கும்போது, பழங்குடிகள் கட்டிய கயிற்றை அறுத்துவிடுகிறார்கள். கப்பல் நீர்ச்சுழிகளில் மோதிக்கொண்டு, புறப்பட்ட இடத்துக்கே போகிறது. அந்தச் சுழிகளின் ஆவிகளைச் சாந்தப்படுத்தவே அவர்கள் இத்தனை நாளும் இழுத்திருக்கிறார்கள். தனக்காக இழுத்தார்கள் என்று இவன் நினைத்தான். அவர்கள் கணக்கு வேறாக இருந்திருக்கிறது. அதைப் படம் முழுக்க அவர்கள் முகத்தில் பார்த்திருக்க வேண்டும். நமக்குக் கடைசியில்தான் சொல்லப்படுகிறது. ஹெர்ஸாக் தொட்ட மிக ஆழமான விஷயம் இது. தொட்டுவிட்டு, கப்பல் தளத்தில் ஆப்பரா, வாயில் சுருட்டு, கின்ஸ்கியின் புன்னகை என்று முடித்துக்கொண்டார்.

மற்றவர்களின் தலைக்குள் நுழைய அவர் முயன்றபோது என்ன ஆயிற்று என்பதற்கு 1984இல் வந்த 'பச்சை எறும்புகள் கனவு காணும் இடம்' உதாரணம். சுரங்கக் கம்பெனிக்கு எதிராக ஆஸ்திரேலியப் பழங்குடிகள் தரையில் உட்கார்ந்துகொள்கிறார்கள். நிஜமான நில உரிமைப் போராட்டத்தில் பங்குகொண்ட வான்ஜுக் மாரிகா அதில் நடித்திருக்கிறார். அவர் உட்கார்ந்திருப்பதில் ஒரு கம்பீரம் இருக்கிறது. ஆனால் எறும்புகளின் கனவு பற்றிய அந்தப் புராணம் ஹெர்ஸாக் கட்டியது. தன் நிலத்துக்காகக் கோர்ட்டில் நின்ற மனிதருக்கு, சொந்தமாக ஆயிரம் கதை வைத்திருக்கும் மனிதருக்கு, ம்யூனிக்கிலிருந்து ஒரு கதையைக் கொண்டுபோய்க் கொடுப்பானேன்? பொய் சொன்னார் என்பது என் புகார் இல்லை. ஆவணத்தின் வெறும் விவர உண்மை கணக்குப்பிள்ளையின் உண்மை, கற்பனை கலந்தால்தான் மேலான உண்மை கிட்டும் என்பது அவர் 1999இல் பிரகடனமாகவே வெளியிட்ட கட்சி. குவைத் படத்தின் தொடக்கத்தில் பாஸ்கல் பெயரில் ஒரு வாசகத்தை அவரே எழுதிப் போட்டார். அதில் யாருக்கும் நஷ்டமில்லை. எறும்புக் கதையில் நஷ்டம் இருக்கிறது. பேச வந்தவரின் இடத்தில் அவர் பேசிவிட்டார்.

இத்தனையும் சொல்லிவிட்டு, ஹெர்ஸாக் வெறும் சாகசக்காரர் என்று முடித்துவிடலாம். அது சுலபம், நியாயமில்லை. 1976இல் குவாதலூப் தீவில் எரிமலை வெடிக்கப்போகிறது என்று 70,000க்கும் மேற்பட்ட ஜனங்களை வெளியேற்றினார்கள். போகமாட்டேன் என்று ஒரு மனிதன் இருந்துவிட்டதாகக் கேள்விப்பட்டு ஹெர்ஸாக் இரண்டு காமிராக்காரர்களுடன் அங்கே போனார். ஆளில்லாத நகரத்தில் சிவப்பு விளக்கும் பச்சை விளக்கும் மாறி மாறி எரிகின்றன. நாய்கள் பட்டினியில் செத்துக் கிடக்கின்றன. அந்த மனிதன் ஒரு மரத்தடியில் பூனையோடு படுத்திருக்கிறான். எங்கே போவது, நான் ஏழை, சாவு கடவுள் இஷ்டம் என்கிறான். பிறகு எரிமலை வெடிக்கவில்லை. 'லா சூஃப்ரியேர்' அப்படி அசடு வழிந்து முடிகிறது. அந்த அசட்டுத்தனத்தை ஹெர்ஸாக் தன் குரலிலேயே ஒப்புக்கொள்கிறார். சாகசம் கைகொடுக்காமல் போனபோது, மிச்சம் கிடைத்தது அந்த ஏழையின் முகம். அரை மணி நேரப் படம். கப்பலைவிட அதற்கு நிறை அதிகம் என்று இப்போது எனக்குத் தோன்றுகிறது.

1974இல் இன்னொன்று செய்தார். ஜெர்மன் மௌனப் படங்களைப் பற்றி எழுதிய லாட்டே ஐஸ்னர் பாரிஸில் சாகக் கிடக்கிறார் என்று கேள்விப்பட்டு, நவம்பர் மாதப் பனியில் ம்யூனிக்கிலிருந்து பாரிஸுக்கு நடந்தே போனார். நடந்து போனால் அவர் சாகமாட்டார் என்று நம்பினார். ஐஸ்னர் 1983வரை இருந்தார். நம்பிக்கை பலித்ததா என்பதை விட்டுவிடலாம். அந்தப் பயணத்தில் யாரும் அவருக்காகக் கயிறு இழுக்கவில்லை. கொப்புளம் அவர் காலில்தான்.

அவர் தன்னை அறியாமலேயே கப்பலுக்குப் பதில் சொல்லிய படம் 1987இல் வந்த 'கோப்ரா வெர்டே'. கின்ஸ்கியுடன் அவர் எடுத்த ஐந்தாவதும் கடைசியுமான படம். அடிமை வியாபாரியான கதாநாயகன் ஆப்பிரிக்கக் கடற்கரையில் எல்லாம் இழந்து, ஒரு படகைக் கடலுக்குள் தள்ளித் தப்பப் பார்க்கிறான். அது அசையவில்லை. இழுக்கிறான், விழுகிறான், அலை அடிக்கிறது. போலியோவில் கை கால் வளைந்த ஒரு கறுப்புப் பையன் கரையோரமாக நடந்து வந்து பார்த்துக்கொண்டு நிற்கிறான். முன்பு ஒரு கப்பல் மலையேறியது. இங்கே ஒரு படகு மணலைத் தாண்டவில்லை. வித்தியாசம் என்னவென்றால் இங்கே ஒருவன் தன் கைகளால் மட்டும் இழுக்கிறான்.

இனி நான் சொல்ல வந்த விஷயத்துக்கு வருகிறேன். 1971ஆம் வருஷம் டிசம்பர் 24. 'அகிர்ரே' படவேலைக்காக ஹெர்ஸாக் லீமா விமான நிலையத்தில் இருக்கிறார். புகால்பா போகும் விமானத்தில் இடத்துக்காக முட்டி மோதுகிறார். கிடைக்கவில்லை. அந்த விமானம் மின்னல் தாக்கிக் காட்டின்மேல் உடைந்து சிதறியது. இருந்தது 92 பேர். பிழைத்தது ஒருத்தி. யூலியானே கோப்கே, வயது 17. பெருவில் வாழ்ந்த ஜெர்மன் விலங்கியல் தம்பதியின் மகள். ஏறக்குறைய மூன்று கிலோமீட்டர் உயரத்திலிருந்து, இருக்கையில் கட்டியபடியே, மரங்களின்மேல் விழுந்தாள். பக்கத்து இருக்கையிலிருந்த தாய் இல்லை. கழுத்தெலும்பு முறிவு. மூக்குக்கண்ணாடி போய்விட்டது. ஒரு காலில் மட்டும் செருப்பு. பத்து நாட்கள் நடந்து ஒரு குடிசையை அடைந்தாள். மறுநாள் காட்டு வேலைக்காரர்கள் வந்து கண்டார்கள். அந்த நாட்களில் அதிக தூரத்தில் இல்லாத ஆறுகளில்தான் ஹெர்ஸாக்கின் ஆட்கள் படவேலையில் இருந்திருக்கிறார்கள். ஒரே காடு. உள்ளே தங்க நாடு தேடும் சேனை ஒன்று. வெளியே வழி தேடும் பெண் ஒருத்தி. இருவரும் சந்தித்துக்கொள்ளவில்லை.

இருபத்தாறு வருஷங்களுக்கு மேல் கழிந்தபின், 1998இல், ஹெர்ஸாக் அவரை வைத்து 'நம்பிக்கையின் சிறகுகள்' என்ற டாக்குமெண்டரியை எடுத்தார். அவரை அதே விமான மார்க்கத்தில் கூட்டிப்போகிறார். காட்டுக்குள், துருப்பிடிக்காத அலுமினியத் துண்டுகளுக்கு நடுவில் நடக்கவைக்கிறார். படத்தில் ஹெர்ஸாக்கின் வழக்கமான ஜோடனைகள் உண்டு. முகம் உடைந்த பொம்மைகள் வரும் கனவு ஒன்று இருக்கிறது. அதெல்லாம் எனக்கு ஞாபகம் நிற்கவில்லை. நிற்பது அந்தப் பெண்ணின் பேச்சு. கண்ணீர் இல்லை. சத்தம் உயரவில்லை. தண்ணீர் போகும் வழியே போனால் மனிதர்கள் இருப்பார்கள் என்று தகப்பன் சொல்லிக்கொடுத்திருந்தார், ஆகவே ஓடையில் இறங்கி நடந்தேன். ராஜக்கழுகின் சிறகோசை கேட்டது, ஆகவே பிணம் இருக்கும் என்று தெரிந்தது. தலைகீழாக மண்ணில் குத்தி நின்ற இருக்கை வரிசையில் ஒரு பெண்ணின் கால் தெரிந்தது, நகத்தில் பூச்சு இருந்தது, அம்மா பூசமாட்டாள், அம்மா இல்லை. இவ்வளவுதான். ஒரு வாக்கியத்தில் ஒரு விவரம், அடுத்த வாக்கியத்தில் அதிலிருந்து கிடைத்த அறிவு. நாம் உரைநடையில் தேடிக்கொண்டிருந்த நேர்த்தி ஒரு விஞ்ஞானியின் சாட்சியத்தில் கிடைக்கிறது.

இங்கே ஒரு ஒப்பீட்டைச் செய்யாமல் இருக்க முடியவில்லை. 'கனவுகளின் சுமை'யில் ஹெர்ஸாக் காட்டைப் பற்றி ஒரு பிரசங்கம் செய்கிறார். எங்கள் வட்டத்தில் அதை மனப்பாடமாகச் சொல்கிறவர்கள் இருந்தார்கள். காடு ஆபாசமானது, கழுத்தை நெரிப்பது, எங்கும் துயரம். பறவைகள் பாடவில்லை, வேதனையில் கிறீச்சிடுகின்றன என்பது அதன் சாரம். பெரிய பேச்சுத்தான். அதே காட்டில் யூலியானேயும் ஒரு பறவையைக் கேட்டாள். ஹோவாட்சின் என்ற பறவை. அவள் தாய் பறவையியல் நிபுணர். அந்தப் பறவை திறந்த நீர்வெளிக்கு அருகில்தான் கூடுகட்டும் என்று அவளுக்குத் தெரியும். ஆகவே பெரிய ஆறு பக்கத்தில் இருக்கிறது என்று தெரிந்துகொண்டாள். அந்தக் குரலை நோக்கிப் போனாள், பிழைத்தாள். ஒருவருக்கு அது பிரபஞ்சத்தின் ஓலம். இன்னொருவருக்கு அது ஒரு பறவை, அதற்கு ஒரு பெயர், அது வாழ ஓர் இடம்.

இரண்டில் எது கவித்துவம்? முப்பது வயதில் கேட்டிருந்தால் முதலாவது என்றிருப்பேன், கேட்டவரை ஏளனமும் செய்திருப்பேன். நாம் இந்தத் தவறைத் திரும்பத் திரும்பச் செய்திருக்கிறோம். நம் வேதனையை மரத்துக்கும் மலைக்கும் ஏற்றிவிட்டு அதைத் தரிசனம் என்று அழைத்திருக்கிறோம். பறவைகளின் பெயர் தெரியாமல் பறவைக் கவிதை எழுதியிருக்கிறோம். அந்தப் பெண் பின்னாளில் அதே காட்டுக்குத் திரும்பிப் போனார், வௌவால்களை ஆராய்ந்தார், பெற்றோர் 1968இல் அமைத்த பங்குவானா ஆராய்ச்சி நிலையத்தையும் அதைச் சுற்றியுள்ள காட்டையும் பாதுகாக்கும் பொறுப்பை ஏற்றார். தன் தாயைக் கொன்ற காடு என்று அவர் சொல்லவில்லை.

இந்தப் படத்துக்குப் பிறகு ஹெர்ஸாக் மாறிவிட்டார் என்று சொன்னால் கட்டுரைக்கு அழகாக இருக்கும். அப்படி ஒரேயடியாக யாரும் மாறுவதில்லை. ஆனால் பின்னால் வந்த அவருடைய நல்ல படங்களில் பல, மற்றவர்கள் போய்வந்த, அல்லது போய்த் திரும்பாத, இடங்களைப் பற்றியவை. 2005இல் வந்த 'கரடி மனிதன்' அவற்றில் சிறந்தது. டிமதி ட்ரெட்வெல் பதின்மூன்று கோடைகளை அலாஸ்காவில் கரடிகளோடு கழித்தவர். 2003 அக்டோபரில் அவரையும் உடனிருந்த ஏமி ஹூகெனார்டையும் ஒரு கரடி கொன்று தின்றது. அவர் விட்டுப்போன வீடியோச் சுருள்கள் ஏறக்குறைய நூறு மணி நேரம். ஹெர்ஸாக் அவற்றின் முன் உட்கார்ந்து பார்த்து, தேர்ந்து, அந்த மனிதனோடு வாதாடுகிறார். இயற்கை உன்னை நேசிக்கவில்லை, கரடியின் கண்ணில் உணவு பற்றிய அரைகுறை அக்கறை தவிர வேறெதுவும் எனக்குத் தெரியவில்லை என்கிறார். அதே சமயம் ட்ரெட்வெல் ஃபிரேமிலிருந்து வெளியே போனபின், யாரும் இல்லாத புதர்கள் காற்றில் அசையும் சில வினாடிகளைக் காட்டி, இந்த அழகு அவனுக்கே தெரியாமல் வந்தது என்று நிறுத்துகிறார். ஆள் விலகியபின் காடு எப்படி இருக்கும் என்று பார்க்கும் பொறுமை, கப்பல் இழுத்த மனிதரிடம் இருந்ததா?

சாவு நேர்ந்தபோது காமிராவின் மூடி திறக்கப்படவில்லை. ஒலி மட்டும் பதிவாகியிருக்கிறது. அந்தச் சுருள் ட்ரெட்வெல்லின் தோழி ஜூவல் பலோவாக்கிடம் இருக்கிறது. ஹெர்ஸாக் காதில் ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு கேட்கிறார். நமக்கு அவர் முதுகும் எதிரே அந்தப் பெண்ணின் முகமும் மட்டும் தெரிகின்றன. நமக்கு ஒன்றும் கேட்கவில்லை. கொஞ்ச நேரத்தில் நிறுத்தச் சொல்கிறார். இதை நீ ஒருநாளும் கேட்கக்கூடாது, அழித்துவிடு என்கிறார். நிஜத்தைக் காட்டியே தீருவேன் என்று 320 டன்னை மலையேற்றிய அதே மனிதர், கையில் கிடைத்த மிகக் கொடூரமான நிஜத்தைக் காட்டாமல் விடுகிறார். அழிக்கச் சொன்னது தவறு, அது அவசரத்தில் சொன்ன வார்த்தை என்று பிறகு ஒப்புக்கொண்டிருக்கிறார். அது சரியே. காட்டாமல் விட்டதுதான் முக்கியம். எனக்கு அவருடைய ஐம்பதாண்டு வாழ்க்கையின் சிகரம் மலையுச்சியில் இல்லை; காதிலிருந்து கருவியைக் கழற்றும் அந்தக் கையில் இருக்கிறது.

2022இல் எரிமலை ஆராய்ச்சியாளர்களான காத்யா, மோரிஸ் க்ராஃப்ட் தம்பதியைப் பற்றி ஒரு படம் தந்தார். அவர்கள் 1991இல் ஜப்பானின் உன்ஸென் மலையில் மாண்டவர்கள். அந்தப் படத்தின் பெரும்பகுதி அவர்கள் எடுத்து வைத்த காட்சிகள்தாம். எரிமலையை நோக்கித் தானே ஓடியவர், எண்பதை நெருங்கும் வயதில், மற்றவர் பார்த்ததை வெட்டி ஒட்டிக் காட்டிவிட்டு ஒதுங்கி நிற்கிறார்.

அன்று இரவு நடந்துபோன ஏழெட்டுப் பேரில் சிலர் இன்னும் இருக்கிறார்கள். இந்தக் கட்டுரையைப் படிப்பார்கள், கோபிப்பார்கள். பித்து இல்லாமல் கலை ஏது என்று கேட்பார்கள். பித்து வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. பித்தனுக்குக் கப்பல் வாங்கித் தந்தவரையும், கயிறு இழுத்தவர்களையும் ஃபிரேமுக்கு வெளியே தள்ளிவிட்டு, பித்தனை மட்டும் தனியாக நிறுத்தி வணங்கினோமே, அந்த வழிபாட்டைத்தான் சொல்கிறேன். ஹெர்ஸாக் அதிலிருந்து பாதியாவது வெளியே வந்துவிட்டார். நாம் வந்தோமா என்று எனக்குச் சந்தேகமாக இருக்கிறது.

நண்பரின் பத்திரிகை ஆறு இதழ்களும் என்னிடம் இருக்கின்றன. இதை எழுதும்முன் ஐந்தாவது இதழையும் ஆறாவது இதழையும் எடுத்துப் பார்த்தேன். உள்ளட்டையில் ஆசிரியர் பெயர் இருக்கிறது. அச்சகத்தின் பெயர் இருக்கிறது. அட்டை ஓவியம் வரைந்தவர் பெயர் இருக்கிறது. காகிதம் கடனாகத் தந்த கடைக்காரருக்குக்கூட நன்றி சொல்லியிருக்கிறோம். நன்றி வரிகளை எழுதியவன் நான்தான்.